படமெடுக்கும் எழுத்து

தமிழில் 'படம்' என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு. சுவரில் மாட்டுவதும் படம். பாம்பு விரிப்பதும் படம். இந்த இரண்டையும் ஒன்றாக்கி, பாம்பின் படத்துக்குள்ளேயே எழுத்துக்களை அடைத்து, 'எங்கே, படித்துப் பார்!' என்று நம்மைச் சவாலுக்கு இழுக்கும் செய்யுள் வகை ஒன்று நம்மிடம் இருக்கிறது. அதற்கு நாகபந்தம் என்று பெயர். கதை படிக்கும் வாசகர்களில் பெரும்பாலோர் இதைக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். கேள்விப்பட்ட புலவர்களோ இதை இலக்கியத்தின் பரண்மேல் ஏற்றிவைத்துப் பல காலம் ஆகிவிட்டது. நாவல் எழுதுகிறவனுக்கு இந்தப் பாம்பாட்டி வேலை எதற்கு என்று நீங்கள் கேட்கலாம். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன். முதலில் பாம்பைப் பார்த்துவிடுவோம்.

பன்னிரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்த தண்டியலங்காரம் சித்திரகவிகளை வரிசைப்படுத்திச் சொல்லும்போது நாகபந்தத்தையும் சொல்கிறது. இரண்டு பாம்புகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கும். ஒன்றின் உடலில் ஒரு நேரிசை வெண்பா, மற்றதன் உடலில் ஓர் இன்னிசை வெண்பா. உடல்கள் வெட்டிக்கொள்ளும் சந்திகளில் நிற்கும் எழுத்து இரண்டு வழிக்கும் பொது. ஒரு வெண்பாவின் நடுவில் வரும் எழுத்தே இன்னொரு வெண்பாவிலும் அதற்குரிய இடத்தில் வந்தாக வேண்டும். எங்கள் கொங்குநாட்டில் அரச மரத்தடியில் நட்டிருக்கும் நாகர் கல்லைப் பார்த்தவர்களுக்கு இந்த உருவத்தை விளக்கவே வேண்டியதில்லை. இரண்டு பாம்புகள் மேலே முகத்தோடு முகம் நோக்கி, கீழே வால்வரையில் முறுக்கிக்கொண்டு நிற்கின்றனவே, அதே உருவந்தான். கல்லில் மஞ்சளும் குங்குமமும் இருக்கும். ஓலையில் எழுத்து இருக்கும்.

பாம்புக்குள் எழுத்தை வைக்கும் ஆசை தமிழனுக்கு மட்டும் வந்ததல்ல. மத்தியப் பிரதேசத்தில் தார் என்ற நகரத்தில், போஜசாலை என்று வழங்கும் கட்டடத்தில், பரமார மன்னர்கள் காலத்துக் கல்வெட்டுக்கள் இருக்கின்றன. வடமொழி நெடுங்கணக்கையும் வினைச்சொற்களின் விகுதிகளையும் பின்னிய பாம்பின் உருவத்தில் அங்கே செதுக்கி வைத்திருக்கிறார்கள். இலக்கணப் பாடத்தையே பாம்பாக்கிவிட்டார்கள்! மனப்பாடம் செய்யும் பிள்ளைகளுக்கு அது எவ்வளவு பொருத்தமான உருவம் என்பதை, விகுதிகளை உருப்போட்டுக் கஷ்டப்பட்டவர்கள் அறிவார்கள்.

இனி, இந்த முடிச்சை அவிழ்ப்பது எப்படி? பந்தம் என்றாலே கட்டு. கட்டு இருந்தால் அவிழ்க்க வழியும் இருக்க வேண்டும். ஆங்கிலத்தில் 26 எழுத்து. இரண்டு சொற்களில் 'ஆர்' என்ற எழுத்து இருந்துவிட்டால் அங்கே ஒன்றையொன்று வெட்டவிடலாம். தமிழில் எழுத்து 247. 'அரவு' என்ற சொல்லும் 'விரியன்' என்ற சொல்லும் பாம்பைத்தான் குறிக்கின்றன. இரண்டிலும் ரகரம் இருக்கிறது. ஆனாலும் ஒன்றையொன்று வெட்ட முடியாது. ஒன்றில் இருப்பது 'ர'. மற்றதில் இருப்பது 'ரி'. மெய்யும் பொருந்த வேண்டும், அதன்மேல் ஏறிய உயிரும் பொருந்த வேண்டும். 'உரகம்' என்றால் சரி. அதில் வரும் 'ர' அரவோடு பொருந்தும், 'க'வும் 'ம்'மும் நாகத்தோடு பொருந்தும். தமிழில் சந்தி வைப்பதற்குப் பிரயாசை அதிகம்.

கட்டுகிறவனுக்குப் பிரயாசை அதிகம் என்றால், அவிழ்க்கிறவனுக்குத் துணையும் அதிகம். தமிழ் எழுத்துக்கள் கண்ட இடத்தில் கண்டபடி உட்காருகிறவை அல்ல. எந்த எழுத்து சொல்லுக்கு முதலில் வரும், எது கடைசியில் வரும், எந்த மெய்க்குப் பின்னால் எது வரும் என்பதற்கெல்லாம் தொல்காப்பியம் தொட்டுச் சட்டம் இருக்கிறது. க், ச், த், ப் இந்த நான்கும் தம்மையன்றி வேறு எழுத்தைப் பின்னால் சேர்க்கமாட்டா. ரகரமும் ழகரமும் அதற்கு நேர்மாறு. தம்மைத் தாமே இரட்டித்துக்கொள்ளமாட்டா. ங் வந்தால் அடுத்தது ககரம். ந் வந்தால் பெரும்பாலும் தகரம். 'பா-ந்-கட்டம்-ள்' என்று ஒரு வரிசை கிடைத்து, அது பாம்பு என்றும் தெரிந்தால், காலியிடத்தில் 'த' வைத்துப் 'பாந்தள்' என்று படிக்க ஒரு நிமிஷம் போதும். இந்தச் சட்டங்களை நமக்கு நன்னூலில் சுருக்கித் தந்த பவணந்தி முனிவர், எங்கள் பெருந்துறைக்குப் பக்கத்துச் சீனாபுரத்துக்காரர் என்பது கொங்குநாட்டு வழக்கு. வேறு ஊர் சொல்கிறவர்களும் உண்டு. அவர் எந்த ஊர்க்காரராக இருந்தாலும், எழுத்துக்களின் நடமாட்டத்தை அவரைப்போல் துல்லியமாக அளந்து வைத்தவர்கள் சிலரே.

வெண்பாவாக இருந்தால் இன்னும் இரண்டு சாட்சிகள் கூடுதலாகக் கிடைக்கும். ஒன்று எதுகை. முதலடியின் முதற்சீரில் இரண்டாம் எழுத்து என்ன என்று தெரிந்துவிட்டால், அடுத்த அடியின் முதற்சீரிலும் அந்த இடத்தில் அதையே எதிர்பார்க்கலாம். மற்றொன்று ஈற்றுச்சீர். அது நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கு வாய்பாட்டில் ஒன்றாகத்தான் முடிய வேண்டும். ஆகவே வாலிலிருந்து மேல் நோக்கியும் வரலாம். ஓலையில் பூச்சி அரித்த எழுத்து சந்தியில் இருந்ததானால், அடுத்த பாம்பின் வழியாகப் போய் அதை மீட்டுக்கொண்டு வரலாம். ஒருவன் மறந்ததை அவனுடைய பங்காளி நினைவில் வைத்திருப்பதைப்போல.

இவ்வளவும் சாமர்த்தியந்தானே, இதில் கவிதை எங்கே என்று கேட்பது நியாயமான கேள்வி. கேட்டவர்களும் சாமானியர்கள் அல்லர். ஒன்பதாம் நூற்றாண்டில் காஷ்மீரத்தில் இருந்த ஆனந்தவர்த்தனர் தம் தொனியாலோகத்தில், சித்திரத்தைக் கவிதையின் வரிசையில் கடைசியில் வைத்தார். அது கவிதையே அல்ல, கவிதையின் நகல் என்பது அவருடைய தீர்ப்பு. பாரவியும் மாகனும் தங்கள் மகாகாவியங்களில் ஒரு சருக்கம் முழுவதும் இந்த வித்தையைக் காட்டியிருந்தும் அவர் மசியவில்லை. நம்முடைய பக்கத்திலும் இதை 'மிறைக்கவி' என்றார்கள். மிறை என்றால் துன்பம். பாடுகிறவனுக்கா, படிக்கிறவனுக்கா என்று விளக்கவில்லை. இருவருக்கும் என்றே வைத்துக்கொள்ளலாம்.

அந்தத் தீர்ப்பில் பெரும் பகுதியை நான் ஒப்புக்கொள்கிறேன். நாகபந்தங்கள் பலவற்றில் சந்தி எழுத்துக்காகவே சொற்களைத் தேடிப் பிடித்திருக்கிறார்கள். பொருள் எங்கோ ஒரு மூலையில் மூச்சுத் திணறிக் கிடக்கிறது. அகராதியைப் புரட்டி அர்த்தம் கண்டுபிடித்தால், முருகன் அழகன், அவனை வணங்கு என்ற அளவில் முடிந்துவிடுகிறது. இவ்வளவு சுற்றிவளைத்து வந்ததற்கு இவ்வளவுதானா என்று தோன்றும். பக்தி உண்மையாக இருக்கலாம்; கட்டுமானம் பழுதில்லாமல் இருக்கலாம். ஆனால் கட்டுக்கும் பொருளுக்கும் உறவு இல்லை. பாம்பை எடுத்துவிட்டுத் தேரையோ தாமரையையோ வைத்தாலும் அந்தச் செய்யுளுக்கு ஒன்றும் குறையப் போவதில்லை. இதை நான் குறை என்றே சொல்வேன்.

ஆனால் வகையே கெட்டது என்று சொல்லிவிட முடியுமா? சம்பந்தர் சீகாழியின்மேல் மாலைமாற்றுப் பதிகம் பாடியிருக்கிறார். முன்னிருந்து படித்தாலும் பின்னிருந்து படித்தாலும் ஒன்றாகவே வரும் 11 பாட்டுக்கள். திருமங்கையாழ்வார் எழுகூற்றிருக்கையில் எண்களை ஏற்றியும் இறக்கியும் தேர்போல் அடுக்கியிருக்கிறார். 1929-ல் மறைந்த பாம்பன் சுவாமிகள் வரையில் இந்த மரபு அறுபடாமல் வந்திருக்கிறது. இத்தனை பெரியவர்கள் கைவைத்த காரியத்தைப் பொழுதுபோக்கு என்று தள்ளுவதற்கு முன் கொஞ்சம் நிதானிக்க வேண்டும் அல்லவா?

நான் நிதானித்தது ஒரு குழந்தையின் புதிரால். கருமத்தம்பட்டியில் என் தங்கையின் மகள், ஐந்தாம் வகுப்புப் படிக்கிறவள், ஒரு சிறுவர் பத்திரிகையில் வந்த படப் புதிரோடு திண்ணையில் உட்கார்ந்திருந்தாள். சுருண்டு கிடக்கும் ஒரு பாம்பின் படம். அதன் உடல் கட்டங்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. தலைப்பக்கத்தில் நான்கு கட்டம். குறிப்பாக ஒரு கண்ணும் ஒரு காதும் வரைந்திருந்தார்கள். அவள் 'கண்செவி' என்று எழுதியிருந்தாள்.

"நாலு கட்டம், நாலு எழுத்து. சரியாத்தானுங் மாமா இருக்குது?" என்றாள்.

"மேலேயிருந்து கீழே வர்றது என்ன கண்ணு?"

"காஞ்சிபுரத்துச் சேலைன்னு போட்டிருக்குதுங். மூணு எழுத்து. பட்டு."

"பட்டுல நடு எழுத்து எங்கே வந்து உக்காருது?"

அவள் விரலை வைத்துப் பார்த்தாள். 'பட்டு'வின் 'ட்' வந்து விழுந்த இடம், அவள் 'ண்' எழுதியிருந்த கட்டம். சற்று நேரம் பேசவில்லை. பிறகு ரப்பரால் அழித்துவிட்டு 'கட்செவி' என்று எழுதினாள். கண்ணும் செவியும் சேர்ந்தால் ணகரம் டகரமாகத் திரியும் என்ற விதியைப் பள்ளிக்கூடத்தில் அவள் இன்னும் படிக்கவில்லை. ஒரு பட்டுச் சேலை அவளுக்கு அதைக் கற்றுக் கொடுத்துவிட்டது. பலகையில் எழுதிப் போட்டிருந்தால் இவ்வளவு சுருக்காக ஏறியிருக்குமா என்பது சந்தேகம்.

கதை அதோடு முடியவில்லை. "பாம்புக்குக் காதே இல்லைன்னு டீச்சர் சொன்னாங்களே, அப்புறம் எப்படிங் கட்செவி?" என்று அடுத்த கேள்வி வந்தது. கண்ணே செவியாகவும் பயன்படுகிறது என்று முன்னோர் நம்பினார்கள். வெளிக்காதுதான் இல்லை, உள்ளே காது உண்டு, தரையின் அதிர்வைத் தாடையெலும்பின் வழியாக அது உணர்கிறது என்று இன்றைய விஞ்ஞானம் சொல்கிறது என்றேன். அவள் பாம்பின் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கட்டங்கள் நிரம்பிவிட்டன, கேள்வி நிரம்பவில்லை.

நல்ல புதிருக்கும் வெறும் புதிருக்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான் இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். விடை வந்தவுடன் செத்துப் போகும் புதிர் ஒரு வகை. விடை வந்த பிறகு சொல்லையும் பொருளையும் வேறு கண்ணோடு பார்க்க வைக்கும் புதிர் இன்னொரு வகை. ஒரு பல்லும் ஒரு நகமும் வரைந்து ஐந்து கட்டம் போட்டால் 'பன்னகம்' என்று வரும். அது வேடிக்கையான புதிர். லகரமும் நகரமும் சேர்ந்து இரட்டை னகரமாவதைக் காட்டிவிடும். ஆனால் பன்னகம் வடசொல். அதற்கும் பல்லுக்கும் நகத்துக்கும் சம்பந்தமில்லை. அவிழ்த்ததும் அது முடிந்துவிடுகிறது. கட்செவி முடிவதில்லை. ஏனென்றால் அங்கே கண்ணும் செவியும் எழுத்தால் மட்டும் சேரவில்லை. ஒரு பழைய நம்பிக்கையாலும் சேர்ந்திருக்கின்றன.

இதே அளவுகோலைக் காளமேகத்திடம் வைத்துப் பாருங்கள். அவர் பாம்பையும் வாழைப்பழத்தையும் ஒரே வெண்பாவில் பாடினார். பாம்பையும் எள்ளையும், பாம்பையும் எலுமிச்சம்பழத்தையும் பாடினார். நாகபந்தத்தில் இரண்டு செய்யுள் ஓர் எழுத்தில் சந்திக்கின்றன. சிலேடையில் இரண்டு பொருள் ஒரு சொல்லில் சந்திக்கின்றன. 'நஞ்சு' என்பது பாம்புக்கு விஷம். பழத்துக்கு நைந்து கனிந்த பதம். தோல் இரண்டுக்கும் உரிகிறது. படித்த பிறகு வாழைப்பழத்தை உரிக்கும்போது ஒரு கணம் கை கூசும். அந்தக் கணத்துக்காகத்தான் இலக்கியம். காளமேகத்தின் சந்தியில் வாழ்க்கை இருக்கிறது. பல நாகபந்தங்களின் சந்தியில் எழுத்து மட்டும் இருக்கிறது.

இதற்கு நேர் எதிர்க்கோடியில் இன்னொரு சரக்கும் உண்டு. 1913 டிசம்பர் 21-ல் நியூயார்க் வோர்ல்டு பத்திரிகையில் ஆர்தர் வின் என்பவர் வைர வடிவத்தில் ஒரு சொற்கட்டம் வெளியிட்டார். அதுதான் இன்றைய குறுக்கெழுத்துக்கு ஆதி. அது உலகம் சுற்றி நம் ஊருக்கு வந்தபோது பரிசுப் போட்டியாகிவிட்டது. 1930-களில் ஆனந்த விகடன் போன்ற நம் வாரப் பத்திரிகைகளும் குறுக்கெழுத்துப் போட்டி நடத்தின. நாளடைவில் நாட்டின் பல பாகங்களிலும் இந்தப் போட்டிகள் கொழுத்தன. பெரும் பரிசுப் போட்டிகளின் சூட்சுமம் இதுதான்: ஒரு கட்டத்துக்கு இரண்டு எழுத்தும் பொருந்தும், இரண்டு சொல்லுக்கும் குறிப்பு ஒத்துவரும். எது 'சரி' என்பது உறைக்குள் முத்திரையிட்டு வைத்த காகிதத்தில் இருக்கும். அறிவுள்ளவனும் அறிவில்லாதவனும் அங்கே ஒன்று. 1955-ல் பாராளுமன்றம் பரிசுப் போட்டிகள் சட்டத்தை நிறைவேற்றியது. எழுத்து, சொல், உருவம் இவற்றைக் கூட்டியும் மாற்றியும் அமைக்கும் புதிர்களுக்குப் பரிசு கொடுப்பதை அந்தச் சட்டம் வரையறுத்தது. படப் போட்டியும் அதில் அடக்கம். ஒரு மாதத்துக்குப் பரிசு 1000 ரூபாய்க்கு மேல் கூடாது. ஒரு போட்டிக்கு 2000 விண்ணப்பத்துக்கு மேல் கூடாது. 1957-ல் சமர்பாக்வாலா வழக்கில் உச்ச நீதிமன்றம், அந்தச் சட்டம் கட்டுப்படுத்துவது சூதாட்டத் தன்மையுள்ள போட்டிகளையே, திறமையால் வெல்வதை அல்ல என்று பிரித்துக் காட்டியது.

நீதிபதிகள் இலக்கிய விமரிசனம் எழுத உட்காரவில்லை. ஆனாலும் அவர்கள் கிழித்த கோடு விமரிசகனுக்கு உதவுகிறது. திறமைக்கு விடை கொடுக்கும் கட்டு வேறு. அதிர்ஷ்டத்துக்கு விடை கொடுக்கும் கட்டு வேறு. நாகபந்தத்தின்மேல் என்ன குற்றம் சொன்னாலும், அது வாசகனை ஏமாற்றுவதில்லை. சந்தியில் நிற்கும் எழுத்தை இரண்டு பாம்பும் சோதிக்கின்றன. ஒன்றுக்குப் பொருந்தி மற்றதற்குப் பொருந்தாத எழுத்து அங்கே நிற்க முடியாது. முத்திரையிட்ட உறை எதுவும் இல்லை. சாட்சிகள் அனைவரும் பக்கத்திலேயே நிற்கிறார்கள்.

இப்போது நாவலுக்கு வருகிறேன். கதாசிரியன் செய்வதும் சந்தி வைக்கும் வேலைதான். சிலப்பதிகாரத்தில் ஒரு சிலம்பு இருக்கிறது. கண்ணகியின் கதை ஒரு பாம்பு; பாண்டியன் தேவியின் கதை இன்னொரு பாம்பு. இரண்டும் வெட்டிக்கொள்ளும் இடத்தில் சிலம்பு என்ற ஒரே எழுத்து நிற்கிறது. ஒரு வழியில் படித்தால் அது கோவலன் விற்க வந்த பொருள். மறு வழியில் படித்தால் அரசியிடமிருந்து களவுபோன பொருள். பொற்கொல்லன் ஒரு வழியை மட்டும் படித்துக் காட்டினான். மன்னனும் அந்த ஒரு வழியையே படித்தான். உடைத்துப் பார்த்தபோது முத்து வரவில்லை, மாணிக்கம் வந்தது. சந்தி எழுத்தைச் சோதிக்காமல் தீர்ப்புச் சொன்னவன் உயிரை விட்டான். இந்தக் கட்டைவிட நெருக்கமான நாகபந்தம் தமிழில் உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. அது கவிதையாக இருப்பதற்குக் காரணம், அந்தச் சந்தியில் ஒரு மனிதனின் தலை இருக்கிறது.

நம்முடைய தொடர்கதைகளில் பலவற்றில் இப்படி ஒரு சந்தியும் கிடையாது. ஒரு பாத்திரம் வருகிறது, அழுகிறது, போகிறது. அதை எடுத்துவிட்டால் கதை தன் பாட்டுக்கு ஓடுகிறது. வேறு சில நாவல்களில் சந்திகள் ஏராளம். திடுக்கிடும் திருப்பங்கள், காணாமற்போன அண்ணன், மாறிப்போன கடிதம். எல்லாம் பொருந்துகின்றன, ஒன்றும் நெஞ்சில் நிற்பதில்லை. முடிவை மூடுமந்திரமாக விட்டுவிட்டு, அதையே ஆழம் என்று சொல்லிக்கொள்ளும் கதைகளும் வருகின்றன. இரண்டு முடிவுகளில் எது வேண்டுமானாலும் இருக்கலாம் என்றால், அது உறைக்குள் வைத்த காகிதத்துக்கு அண்ணன் முறை. கண்ணகி கதையில் ஐயம் இருக்கிறது. ஆனால் அது சோதிக்கக்கூடிய ஐயம்.

இன்று ஒரு வரிசையைக் கொடுத்து, 'இதற்குப் பொருந்தும் சொற்களைச் சொல்' என்றால் கையிலிருக்கும் தொலைபேசி ஒரு நொடியில் சொல்லிவிடுகிறது. அதற்கும் நம் எழுத்து கொஞ்சம் வேலை வைக்கிறது. 'கட்செவி' நமக்கு நான்கு எழுத்து. கணிப்பொறிக்குள் யூனிகோடு முறையில் அது ஏழு குறிகளாக இருக்கிறது. ககரம் ஒன்று, டகரமும் புள்ளியும் இரண்டு, சகரமும் கொம்பும் இரண்டு, வகரமும் விசிறியும் இரண்டு. அவற்றை எழுத்தாகச் சேர்த்து எண்ணும்படி யாராவது சொல்லிக் கொடுத்தால்தான் அதற்குக் கட்டம் நிரப்பத் தெரியும். சொல்லிக் கொடுக்கிறவருக்கு எழுத்தின் இயல்பு தெரிந்திருக்க வேண்டும்.

அங்கேதான் எனக்குக் கவலை. சித்திரகவி என்றாலே, பரீட்சைக்கு வராது என்று பக்கத்தைத் தள்ளிவிடும் வகுப்புகளை நான் பார்த்திருக்கிறேன். படத்தை விட்டுவிட்டுச் செய்யுளை மட்டும் அச்சிட்ட புத்தகங்களையும் பார்த்திருக்கிறேன். பாம்பில்லாத நாகபந்தம் படிக்கச் சகிக்காது. படித்துவிட்டு அது மோசமான கவிதை என்று சொல்வது, நெய்த சேலையின் நூலைத் தனித்தனியே உருவிப் பார்த்துவிட்டு இதில் கரை எங்கே என்று கேட்பதற்குச் சமம். கருமத்தம்பட்டியிலும் சோமனூரிலும் தறி ஓட்டுகிறவர்கள் அப்படிக் கேட்கமாட்டார்கள். பாவும் ஊடையும் குறுக்கே விழும் இடத்தில்தான் துணி இருக்கிறது என்பது அவர்களுக்குத் தெரியும்.

ஆகவே பதிப்பாசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்: சித்திரகவியை வெளியிட்டால் சித்திரத்தோடு வெளியிடுங்கள், சந்தி எழுத்துக்களைத் தடித்த அச்சில் காட்டுங்கள். வாசகர்களுக்கும் ஒன்று சொல்வேன். நாகபந்தத்தைக் கவிதை என்று நீங்கள் கொண்டாட வேண்டாம்; ஒருமுறை பென்சிலை எடுத்துக்கொண்டு தலையிலிருந்து வால் வரையில் படித்துப் பாருங்கள். ஓர் எழுத்து இரண்டு இடத்தில் எப்படிப் பொறுப்பாக நிற்கிறது என்று கண் பழகிவிடும். அந்தக் கண்ணோடு அடுத்த நாவலை எடுத்தால், எது சந்தி, எது வெறும் சுருள் என்று உங்களுக்கே தெரியும். அப்போது என்னைப் போன்றவர்கள் எழுதுவதும் கொஞ்சம் ஜாக்கிரதையாக இருக்கும்.